ஒருநாள் யாத்ரிகர்

ஊரைப் பார்ப்பவர்கள் ஒரு ரகம். ஊரைப் பார்த்து முடிப்பவர்கள் இன்னொரு ரகம். முதல் ரகத்தைப் பற்றி எழுத எனக்குத் தகுதியில்லை. அவர்கள் என்னைக் கூப்பிடுவதில்லை, கால்நடையாகவே அலைந்துவிட்டுப் போய்விடுகிறார்கள். இரண்டாவது ரகத்தைத்தான் எனக்குத் தெரியும். இருபத்திரண்டு ஆண்டுகளாக கியோட்டோ ரயில் நிலையத்தின் தெற்கு வாசலில், வெள்ளைக் கையுறை மாட்டிக்கொண்டு, வாடிக்கையாளர் பெயர் எழுதிய அட்டையை நெஞ்சுக்கு நேராகப் பிடித்தபடி நிற்கிறேன். வண்டியும் நானே ஓட்டி, வழியும் நானே காட்டி, வரலாறும் நானே சொல்கிற தொழில். எனக்குச் சோறு போடும் அந்த இனத்துக்கு நான் வைத்திருக்கும் பெயர், ஒருநாள் யாத்ரிகர்.

அவரைக் கூட்டத்தில் கண்டுபிடிப்பது சுலபம். ரயிலை விட்டு இறங்கும்போதே கடிகாரத்தைப் பார்ப்பார். என் பெயரைக் கேட்பதற்கு முன்பே சட்டைப் பையிலிருந்து எட்டாக மடித்த காகிதத்தை எடுப்பார். அதில் எங்கள் ஊர் இருக்கும். ஆயிரத்துச் சொச்சம் ஆண்டுகள் மன்னர்களும் துறவிகளும் தச்சர்களும் தோட்டக்காரர்களும் அடித்துப் பிடித்துக் கட்டி, எரிந்து போனதைத் திரும்பக் கட்டி, அதுவும் எரிந்து மறுபடியும் கட்டி வைத்த ஊர், பதினான்கு வரிகளில் இருக்கும். ஒவ்வொரு வரிக்கும் பக்கத்தில் ஒரு சின்னக் கட்டம், பேனாவால் குறி போடுவதற்கு. ஐந்து மணிக்கு எல்லாக் கோயிலும் சாத்திவிடுவார்கள் என்பதும், வண்டி ஓடும் நேரத்தைக் கழித்தால் ஒரு கோயிலுக்குப் பன்னிரண்டு நிமிஷம் என்பதும் என்னைவிட அவருக்கு நன்றாகத் தெரியும்.

அவர் கேட்கும் கேள்விகளும் அளவானவை. "இதுல முக்கியமானது எது?" இது முதல் கேள்வி. முக்கியமானதைக் காட்டினால் அதைப் படம் எடுப்பார், முக்கியமில்லாதது பிழைத்தது. "இது உலகப் பாரம்பரியப் பட்டியல்ல இருக்கா?" இது இரண்டாவது. இருக்கிறது என்றால் பன்னிரண்டு நிமிஷம், இல்லையென்றால் எட்டு. மூன்றாவதாக வருவது கேள்வியே இல்லை. "அடுத்தது" என்பார். அவ்வளவுதான். கல்லும் மணலும் மட்டுமே இருக்கும் தோட்டத்துக்கு அழைத்துப் போனால், மற்றவர்கள் சும்மா உட்கார்ந்திருக்கும் தாழ்வாரத்தில் இவர் மட்டும் நின்றுகொண்டு கல்லை எண்ணுவார். எண்ணிக்கை புத்தகத்தில் படித்ததோடு ஒத்துப்போகவில்லை என்றால் என்னைத்தான் முறைப்பார். நான் சொல்லும் வரலாற்றையும் திருத்துவார். டிவியில் வேறு மாதிரி சொன்னார்களாம்.

போன ஜூன் மாதம், பதினேழாம் தேதி, மழைக்காலத்தின் நடுவில் வந்து இறங்கிய குராபயாஷி சானை இந்த இனத்துக்கே தலைவராக நிறுத்தலாம். 'சான்' என்பது எங்கள் ஊரில் பெயரோடு சேர்க்கும் மரியாதை. டோக்கியோவுக்குப் பக்கத்துச் சைத்தாமாக்காரர். ஒரு கம்பெனியில் துணைப் பிரிவுத் தலைவராக இருந்து ஓய்வு பெற்றவர். ஓய்வு பெற்ற பிறகும் விசிட்டிங் கார்டு அச்சடித்திருந்தார், அதில் பெயருக்கு மேலே 'முன்னாள் துணைப் பிரிவுத் தலைவர்' என்று போட்டிருந்தது. ஏறியதும் எனக்கு ஒன்று கொடுத்தார். இரண்டு கைகளாலும் வாங்கிக்கொண்டேன். கூட அவர் மனைவியும் வந்திருந்தார், கையில் குடையோடு. அந்த அம்மாள் பெயர் அன்று நான்கரை மணி வரை எனக்குத் தெரியாது. அவர் கூப்பிட்டதெல்லாம் 'ஓய்' என்றுதான். "ஓய், இடது பக்கம் நில்லு." "ஓய், சிரி." ஒவ்வொரு கோயில் வாசலிலும் அந்த அம்மாள் இடது பக்கம் நின்று சிரித்தார். அவர் படம் எடுத்தார். பிறகு இருவரும் உள்ளே போனார்கள், அவர் முன்னால் நாலடி, அந்த அம்மாள் பின்னால் குடையைச் சுருக்கிக்கொண்டு.

குராபயாஷி சானின் லட்சியம் முத்திரை. எங்கள் கோயில்களில் சிவப்பு முத்திரை குத்தி, அதன் மேல் தூரிகையால் கோயில் பெயரையும் தேதியையும் எழுதித் தருவார்கள். அதற்கென்று விசிறி மடிப்பில் கெட்டித் தாள் புத்தகம் உண்டு, இரண்டு பக்கமும் சேர்த்து நாற்பத்தெட்டு இடம். ரயில் நிலையக் கடையிலேயே ஒன்று வாங்கியிருந்தார், கருநீலப் பட்டு அட்டையில் வெள்ளைக் கொக்குகள். அடுத்த வாரம் பழைய அலுவலக நண்பர்கள் கூடும் விருந்தில் அதை மேஜை மேல் விசிறியாக விரித்துக் காட்ட வேண்டும், பதினான்கு கோயில், ஒரே தேதி. அவர்களில் ஒருவர் போன வருஷம் பன்னிரண்டு காட்டினாராம். இதை எனக்கு இரண்டு தடவை சொன்னார்.

இங்கே எங்கள் ஊர் ஏற்பாடு ஒன்றைச் சொல்லியாக வேண்டும். பல கோயில்களில் நுழையும்போதே புத்தகத்தை ஜன்னலில் கொடுத்துவிட்டு ஒரு டோக்கன் வாங்கிக்கொள்ள வேண்டும். உள்ளே போய்க் கும்பிட்டு, தோட்டத்தைப் பார்த்து, நிதானமாகத் திரும்பும்போது புத்தகம் எழுதித் தயாராக இருக்கும். கும்பிடுபவருக்கு இடைஞ்சல் இருக்கக்கூடாது என்று செய்த ஏற்பாடு. ஒருநாள் யாத்ரிகர் இதை எப்படிப் புரிந்துகொள்கிறார் என்றால், புத்தகம் எழுதி முடிக்கும் வரை பொழுது போக்குவதற்காக உள்ளே ஒரு கோயில் கட்டி வைத்திருக்கிறார்கள் என்று.

ஐந்தாவது கோயில் மேற்கு மலையடிவாரத்தில் இருக்கிறது. சின்னது. அதன் பெயரைச் சொல்ல மாட்டேன், சொன்னால் உங்கள் காகிதத்தில் பதினைந்தாவது வரியாகச் சேர்த்துவிடுவீர்கள். மணி பதினொன்று. ஜன்னலில் கோயில் அம்மாள், அதாவது தலைமைத் துறவியின் மனைவி, புத்தகத்தை வாங்கிக்கொண்டு, தோட்டத்தில் கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டு வாருங்கள், பாசி இந்த மழையில்தான் அழகு என்றார். குராபயாஷி சான் தோட்டத்துக்கு மனைவியை அனுப்பினார். வீட்டுக்கு ஒருவர் பார்த்தால் போதாதா? அவர் ஜன்னலிலேயே நின்று விரலால் பலகையைத் தட்டிக்கொண்டிருந்தார். கோயில் அம்மாள் எழுதி முடித்த ஒரு புத்தகத்தைப் பலகையில் வைத்துவிட்டு, மை ஒட்டாமலிருக்க நடுவில் வைக்கும் மெல்லிய தாளை எடுக்க உள்பக்கம் திரும்பினார். கருநீல அட்டை, வெள்ளைக் கொக்கு. குராபயாஷி சான் டோக்கனை வைத்தார், புத்தகத்தை எடுத்தார், "ஓய்" என்று தோட்டத்தைப் பார்த்துக் குரல் கொடுத்தார். வண்டிக்கு வந்துவிட்டார். ஒன்பது நிமிஷம். மூன்று நிமிஷம் மிச்சம் என்று சந்தோஷப்பட்டார்.

அந்தப் புத்தகத்தின் ஓரம் நைந்திருந்தது. கொக்குகளில் ஒன்றுக்குக் கழுத்தே தேய்ந்து போயிருந்தது. இதெல்லாம் தெரிய வேண்டுமென்றால் கையிலிருப்பதைப் பார்க்க வேண்டும். இவர் பார்த்ததெல்லாம் கடிகாரம்.

பிறகு மீன் வைத்த சோபா நூடுல்ஸ் சாப்பிட்டோம், அவர் தொலைபேசியில் அடுத்த கோயிலைப் பற்றிப் படித்துக்கொண்டே சாப்பிட்டார். மழை வலுத்தது. சாலையில் பேருந்துகள் வரிசையாக நின்றன. ஆறாவது, ஏழாவது, எட்டாவது, ஒன்பதாவது என்று காலில் வெந்நீரைக் கொட்டிக்கொண்டவர் மாதிரி ஓடினார். ஒவ்வொரு ஜன்னலிலும் புத்தகத்தை மூடியபடியே நீட்டினார், மூடியபடியே வாங்கிக்கொண்டார். ஏழாவது கோயிலில் எழுதிய பெரியவர் புத்தகத்தைப் புரட்டிப் பார்த்துவிட்டு, எழுந்து நின்று இடுப்பு வளைய வணங்கி அதைத் திருப்பிக் கொடுத்தார். குராபயாஷி சான் அதையும் தனக்குரிய மரியாதையாகவே வாங்கிக்கொண்டார். "இந்த ஊர்க்காரங்களுக்கு ஆள் யாருன்னு பார்த்தாலே தெரியுது" என்று வண்டியில் சொன்னார். பின்பார்வைக் கண்ணாடியில் அந்த அம்மாள் ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வதைப் பார்த்தேன்.

பத்தாவது கோயிலில் மணி மூன்றரை. ஜன்னலிலிருந்த பெண் புத்தகத்தை முன்னும் பின்னும் புரட்டினாள். இதில் எழுத இடமே இல்லை, நிறைந்துவிட்டது என்றாள். இன்று காலையில்தான் வாங்கினேன், பத்துப் பக்கம்கூட ஆகவில்லை என்று குராபயாஷி சான் பிரிவுத் தலைவர் குரலில் விளக்கினார். அந்தப் பெண் புத்தகத்தை விசிறியாக விரித்துப் பலகை மேல் வைத்தாள்.

அப்போதுதான் அவர் முதல் தடவையாக அதைத் திறந்து பார்த்தார். நாங்களும் பார்த்தோம். முதல் பக்கத்தில் அந்த மலையடிவாரக் கோயிலின் பெயர், பதினேழாம் தேதி. அடுத்த பக்கத்தில் அதே கோயில், அடுத்த மாதம், பதினேழாம் தேதி. அதற்கடுத்ததும் அதே. நாற்பத்து நாலு மாதம், நாற்பத்து நாலு பக்கம், ஒரே கோயில், ஒரே தேதி. எங்கள் ஊரில் இதை யாரும் விளக்க வேண்டியதில்லை. வீட்டில் ஒருவர் இறந்த தேதியில் மாதாமாதம் கோயிலுக்குப் போய்க் கும்பிடுவது வழக்கம். நாற்பத்து நாலாவது பக்கம் அன்று காலை எழுதியது. அதற்குப் பிறகு மிச்சமிருந்த நாலே நாலு பக்கத்தில், கொட்டை எழுத்தில், எங்கள் ஆறாவது, ஏழாவது, எட்டாவது, ஒன்பதாவது கோயில்கள். பின் அட்டையின் உள்ளே சின்னதாக ஒரு பெயர், மினோவா.

குராபயாஷி சான் வாயைத் திறந்தார். மன்னிப்பு வரும் என்று எதிர்பார்த்தேன். "அப்போ அந்த நாலும் என் புத்தகத்துல இல்லையா?" என்றார்.

பிறகு அவரே ஏற்பாடு சொன்னார். அந்தக் கோயிலுக்குத் தபாலில் அனுப்பிவிடலாம், மன்னிப்புக் கடிதம் வைத்து, பிஸ்கட் டப்பா ஒன்றும் சேர்த்து. தன்னுடைய புத்தகத்தை அவர்கள் தபாலில் அனுப்பட்டும். இப்போது இங்கேயே புதிதாக ஒன்று வாங்கி மிச்சம் ஐந்தை முடித்துவிடலாம். பொன் மண்டபம் ஐந்து மணிக்குச் சாத்துகிறார்கள், அதை விட்டால் கியோட்டோ போனதாகவே யாரும் ஒத்துக்கொள்ள மாட்டார்கள். அவர் பேசி முடிக்கும் வரை அந்த அம்மாள் புத்தகத்தை ஒவ்வொரு மடிப்பாக, பக்கம் விடாமல் பார்த்துக்கொண்டிருந்தார். நாற்பத்து நாலும் ஒரே மாதிரிதான், பார்க்க என்ன இருக்கிறது என்று உங்களுக்குத் தோன்றலாம். அவருக்கு இருந்தது போலிருக்கிறது.

"திரும்பிப் போகலாங்க" என்றார்.

"மணி மூணரை ஆச்சு."

"தெரியும். நிஷிகாகி சான், வண்டியை எடுங்க."

என் பெயரை அன்று யாராவது சொன்னது அதுதான் முதல் தடவை. குராபயாஷி சான் என்னைப் பார்த்தார். யார் சொல்வதைக் கேட்பது என்பதற்கு எங்கள் தொழிலில் எழுதப்படாத சட்டம் உண்டு, பணம் கொடுப்பவர் சொல்வதைத்தான் கேட்க வேண்டும். நான் மழையைப் பார்த்தேன், சாலையைப் பார்த்தேன், மேற்குப் பக்கம்தான் நெரிசல் குறைவு என்று ஒரு பொய் சொல்லி வண்டியைத் திருப்பினேன். மழையோடு ஊர்ந்து போய்ச் சேர மணி நான்கரை ஆகிவிட்டது.

மினோவா சான் தோட்டத்துத் தாழ்வாரத்தில் உட்கார்ந்திருந்தார். எண்பது வயதிருக்கும். காலை பதினொன்றிலிருந்து அங்கேயேதான் இருக்கிறார் என்றும், யாரையும் ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை என்றும், மதியம் கொடுத்த சோற்றுருண்டையில் பாதிதான் சாப்பிட்டார் என்றும் கோயில் அம்மாள் வாசலிலேயே சொல்லிவிட்டார். பக்கத்தில் குராபயாஷி சானின் புத்தகம், புத்தம் புதுக் கொக்குகளோடு, ஐந்து முத்திரையோடு இருந்தது. பார்க்கவே எனக்கு வெட்கமாக இருந்தது.

குராபயாஷி சான் அலுவலகத்தில் முப்பத்தெட்டு வருஷம் பழகிய மன்னிப்பைச் செய்தார். முதுகு நாற்பத்தைந்து டிகிரி, கை தொடையோடு ஒட்டி, சரியாக ஐந்து வினாடி. நிமிர்ந்ததும் விசிட்டிங் கார்டை நீட்டினார். பெரியவர் அதை வாங்கி மரியாதையாகப் படித்துவிட்டு மடியில் வைத்துக்கொண்டார். புத்தகத்தைத் திறந்தார். கடைசி நாலு பக்கத்தை வெகுநேரம் பார்த்தார்.

"நாலு மாசம்தான் பாக்கி இருந்துச்சு. அக்டோபரோட நிறைஞ்சிருக்கும்" என்றார். குரலில் கோபமே இல்லை, அதுதான் தாங்க முடியவில்லை. "நான் போறப்போ இதை என் சவப்பெட்டிக்குள்ள வச்சு எரிக்கச் சொல்லியிருக்கேன். அங்க போய் அவகிட்ட காட்டணும். மாசம் தவறாம வந்தேன் பாருன்னு."

கோயில் அம்மாள் அந்த நாலின் மேல் வெள்ளைத் தாள் ஒட்டித் தருவதாக மெதுவாகச் சொன்னார். பெரியவர் வேண்டாம் என்று தலையாட்டினார். கோயில் பெயர் எழுதியதை எப்படி மறைப்பது?

"இருக்கட்டும். ஆனா அவ சும்மா விடமாட்டா. இந்த நாலு கோயில் எப்படி இருந்துச்சுன்னு கேப்பா. நான் போனதில்லையே." அவர் குராபயாஷி சானை நிமிர்ந்து பார்த்தார். "நீங்க இன்னிக்குத்தானே பார்த்துட்டு வர்றீங்க. கொஞ்சம் சொல்லுங்க, கேட்டு வச்சுக்கறேன்."

இருபத்திரண்டு வருஷத்தில் இப்படி ஒரு கேள்வியை ஒருநாள் யாத்ரிகரிடம் யாரும் கேட்டு நான் கேட்டதில்லை. குராபயாஷி சான் தொண்டையைச் செருமினார். ஆறாவதில் ஒரு வாசல் இருந்தது என்றார். பெரிய வாசல். ஏழாவதில் படிகள், நிறையப் படிகள், இல்லை, அது எட்டாவது. தொலைபேசியை எடுத்துத் தள்ளித் தள்ளிப் பார்த்தார். எல்லாப் படத்திலும் வாசலுக்கு இடது பக்கம் அவர் மனைவி சிரித்துக்கொண்டிருந்தார். உதவிக்கு என் பக்கம் திரும்பினார். எனக்கு அந்த நாலையும் கட்டிய ஆண்டு தெரியும், கட்டியவர் பெயர் தெரியும், எத்தனை தடவை எரிந்தது என்று தெரியும். செத்துப் போன மனைவியிடம் போய்ச் சொல்லும்படி ஒன்றும் தெரியவில்லை.

அந்த அம்மாள்தான் குடையைக் கீழே வைத்துவிட்டுப் பெரியவர் பக்கத்தில் உட்கார்ந்தார்.

"ஆறாவதுல மணி தொங்குற கம்பத்துல யாரோ கையுறையைக் காயப் போட்டிருந்தாங்க, இந்த மழையிலயே. ஏழாவதுல தரையெல்லாம் கறுத்துப்போன பலகை. ஒண்ணே ஒண்ணு மட்டும் புதுசு, வெள்ளையா இருந்துச்சு. வர்றவங்க எல்லாம் அதை மிதிக்காம சுத்திப் போறாங்க, யாரும் சொல்லல, தானாவே. எட்டாவதுல சின்னத் துறவி ஒருத்தர், கழட்டி விட்ட ஷூவையெல்லாம் வாசலைப் பார்த்துத் திருப்பி வச்சுட்டிருந்தார். எங்க வீட்டுக்காரர் ஷூவை அவர் தொடறதுக்குள்ள இவர் வந்து மாட்டிட்டார்."

மினோவா சான் சிரித்துவிட்டார். "ஒன்பதாவது?"

"அங்க காணிக்கைப் பெட்டி மேல பூனை தூங்குச்சு. காசு போடறவங்க அதை எழுப்பாம ஓரமாப் போட்டாங்க."

"பூனையா? அது ஒண்ணு போதும் அவளுக்கு" என்றார் பெரியவர். பூனை என்ன நிறம் என்று கேட்டார். வால் நீளமா, கட்டையா என்று கேட்டார். பிறகு, உங்கள் பெயரைச் சொல்லுங்கள், யார் சொன்னார்கள் என்று அவள் கேட்பாள் என்றார். கிகுயோ என்றார் அந்த அம்மாள். இருவரும் பாசியைப் பார்த்தபடி, சாத்தும் மணி அடிக்கும் வரை பேசிக்கொண்டிருந்தார்கள். குராபயாஷி சான் வாசலுக்கும் வண்டிக்குமாக நடந்துகொண்டிருந்தார். ஐந்து மணிக்கு ஒரு தடவை வடக்குப் பக்கம் திரும்பிப் பெருமூச்சு விட்டார், பொன் மண்டபம் அந்தத் திசையில்தான் இருக்கிறது.

அவர் மாறிவிட்டார், கண் கலங்கினார், காகிதத்தைக் கிழித்துப் போட்டார் என்றெல்லாம் சொல்ல எனக்கும் ஆசைதான். ரயில் நிலையத்தில் கிகுயோ சான் ஊறுகாய் வாங்கப் போன இடைவெளியில் அவர் என் காதருகே வந்தார். சில கோயில்களில் முன்னமே தாளில் எழுதி வைத்த முத்திரை கிடைக்குமாமே, அதைப் புத்தகத்தில் ஒட்டிக்கொள்ளலாமாமே, விட்டுப்போன ஒன்பதையும் நாளைக்கு வாங்கித் தபாலில் அனுப்ப முடியுமா என்றார். தேதி நாளையதாகத்தான் இருக்கும் என்றேன்.

"பரவாயில்ல. யார் உத்துப் பார்க்கப் போறாங்க" என்றார்.

முடியாது என்று வாடிக்கையாளர் முகத்துக்கு நேரே சொல்லும் பழக்கம் எங்கள் ஊரில் கிடையாது. மறுநாள் கிளம்பினேன். எட்டு ஜன்னல்களை மதியத்துக்குள் முடித்தேன், எங்கும் வண்டியை அணைக்கக்கூட இல்லை, நடுவில் ஒருவரிடம் சீக்கிரம் கொடுங்கள் என்று பலகையைத் தட்டியும்விட்டேன். கடைசியாக அந்த ஒன்பதாவது கோயில். எழுதி வைத்த தாள் தீர்ந்துவிட்டது, புதிதாக எழுத வேண்டும் என்றார் ஜன்னலிலிருந்தவர். "பத்து நிமிஷம் ஆகும். உள்ள போய்ப் பார்த்துட்டு வாங்களேன்."

"எனக்கு நேரமில்லீங்க. இருபத்திரண்டு வருஷமாப் பார்த்த இடம்தான்" என்றேன்.

சொல்லி முடித்த பிறகுதான் அந்தக் குரல் யாருடையது என்று எனக்குப் புரிந்தது. எட்டிப் பார்த்தேன். காணிக்கைப் பெட்டி மேல் பூனை படுத்திருந்தது. அது அங்கே பல வருஷமாகப் படுக்கிறதாம், ஜன்னல்காரர் சொன்னார். நான் அன்றுதான் பார்க்கிறேன்.

நீங்கள் சிரித்துக்கொண்டிருக்கிறீர்கள், தெரிகிறது. குராபயாஷி சானைப் பார்த்தும் சிரித்தாயிற்று, என்னைப் பார்த்தும் சிரித்தாயிற்று, நாம் அந்த ரகமில்லை என்று நிம்மதியாகக் கட்டுரையை முடிக்கப் போகிறீர்கள். முடியுங்கள், அடுத்தது காத்திருக்கும். போவதற்கு முன் ஒன்றே ஒன்று மட்டும் மேலே திரும்பிப் பார்க்காமல் சொல்லிவிட்டுப் போங்கள். ஆறாவது கோயிலில், மணி தொங்கும் கம்பத்தில் காய்ந்துகொண்டிருந்தது என்ன?